பிடிக்கவில்லை என்று சொல்லப் பழகுவோம்

நம் வீடுகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகளில் ஒன்று, "உனக்குப் பிடித்திருக்கிறதா?" என்பது. புதுப் பாவாடை எடுத்துக் கொடுத்த அப்பா கேட்கிறார். குழம்பு ஊற்றிய அம்மா கேட்கிறார். பள்ளி மாறிய பிள்ளையிடம் ஊரிலிருந்து வந்த பெரியம்மா கேட்கிறார். கேள்வி எளிது, விடைதான் அரிதாக இருக்கிறது. "பரவாயில்லை" என்போம். "உங்க இஷ்டம்" என்போம். "எனக்கென்ன தெரியும், நீங்க பார்த்துச் செய்தாச் சரிதான்" என்போம். அதுவும் வராவிட்டால் தலையைக் குனிந்துகொள்வோம். கேட்டவரும், "பிள்ளைக்குப் பிடித்துப்போயிற்று" என்று தாமே ஒரு விடையை எழுதிக்கொண்டு போய்விடுவார்.

விருப்பு வெறுப்புகளை வாய்விட்டுச் சொல்வது அடக்கமில்லாத செயல் என்ற எண்ணம் பெண்பிள்ளைகளின் மனத்தில் எப்படியோ ஊறிவிட்டது. அது அடக்கக் குறைவு அன்று. நேர்மையின் முதற்படி என்பதே நம் கருத்து. பணிவோடு 'பிடிக்கும்' என்று சொல்லவும், அதே பணிவோடு 'பிடிக்கவில்லை' என்று சொல்லவும் பள்ளிப் பருவத்திலேயே பழகாத பெண், பின்னாளில் பெரிய காரியங்களில் வாயடைத்து நிற்கிறாள். விருதுநகரிலும் சிவகாசியிலும் சாத்தூரிலும் வாழும் நமக்கு இது வெறும் பேச்சு நாகரிகம் பற்றிய செய்தி அன்று. வாழ்வும் உயிரும் சம்பந்தப்பட்ட செய்தி.

மொழி கற்பிப்பது

முதலில் நம் தாய்மொழியையே கேட்டுப் பார்ப்போம். "நான் புத்தகம் படிக்கிறேன்" என்னும் வாக்கியத்தில் எழுவாய் 'நான்'. செயலைச் செய்பவர் நாம். "எனக்குப் புத்தகம் பிடிக்கும்" என்னும் வாக்கியத்திலோ எழுவாய் புத்தகம். நாம் நான்காம் வேற்றுமை உருபாகிய 'கு'வை ஏற்று, பெறுபவரின் இடத்தில் நிற்கிறோம். நாம் பொருளைப் பிடிக்கவில்லை. பொருள் நம்மைப் பிடிக்கிறது! 'விரும்புகிறேன்' என்ற சொல்லும் தமிழில் உண்டு. ஆனால் ஸ்ரீவில்லிபுத்தூர்க் கடைவீதியில் நின்று, "நான் பால்கோவாவை விரும்புகிறேன்" என்று யாரும் சொல்வதில்லை. "எனக்குப் பால்கோவா பிடிக்கும்" என்பதே வாயில் வரும் தமிழ்.

இதே அமைப்பில் வரும் மற்ற வாக்கியங்களைப் பாருங்கள். எனக்குப் பசிக்கிறது, எனக்குத் தூக்கம் வருகிறது, எனக்குத் தெரியும், எனக்குப் புரியவில்லை, எனக்கு வேண்டும். இவையெல்லாம் நாம் திட்டமிட்டுச் செய்யும் செயல்கள் அல்ல, நம்மிடம் நிகழ்பவை. "பசிக்கிறது அம்மா" என்று சொன்ன பிள்ளையை எந்தத் தாயும் திமிர் பிடித்தவள் என்று ஏசுவதில்லை. "புரியவில்லை சிஸ்டர்" என்று எழுந்து நின்ற மாணவியை எந்த ஆசிரியையும் அடங்காதவள் என்று எண்ணுவதில்லை. பசியையும் புரியாமையையும் வைத்த அதே வரிசையில்தான் தமிழ், பிடித்தலையும் பிடிக்காமையையும் வைத்திருக்கிறது. அப்படியிருக்க, "பிடிக்கவில்லை" என்பதை மட்டும் குற்றமாகக் கருதுவது ஏன்?

இன்னும் நுட்பமாகப் பார்த்தால், இந்த ஒரே கருத்துக்கு நம் பேச்சு எத்தனை படிகளை வைத்திருக்கிறது என்பது தெரியும். "சேவு எனக்குப் பிடிக்கும்" என்றால் எப்போதும் உள்ள விருப்பம். சாத்தூர்ச் சேவில் ஒரு பிடி வாயில் போட்டு, "இது பிடிச்சிருக்கு" என்றால் இப்போது கண்ட ருசி. "எனக்குப் பாகற்காய் பிடிக்காது" என்றால் அது நம் நாக்கைப் பற்றிய செய்தி. "இன்னைக்கு வச்ச பாகற்காய் பிடிக்கலை" என்றால் அது சமைத்தவரைப் பற்றிய செய்தியாகிவிடுகிறது. அம்மாவின் முகம் மாறுவதிலிருந்தே அந்த வேறுபாட்டை அறிந்துகொள்ளலாம். 'வேண்டாம்' என்பது வெறுப்பைச் சொல்லாமலே மறுக்கும் சொல். 'போதும்' என்பது, கொடுத்ததை ஏற்று நன்றியோடு நிறுத்தும் சொல். "உடம்புக்கு ஒத்துக்காது" என்பது வேறு. "எனக்குச் சரிப்படாது" என்பது வேறு. கூர்மையான சொல்லும் உண்டு, மென்மையான சொல்லும் உண்டு. இத்தனை சொற்களைக் கையில் கொடுத்த மொழி, நம்மை ஊமையாக இருக்கச் சொல்லவில்லை.

கடலுக்கு அப்பால் ஓர் உறவு

தமிழ்நாட்டுக் கன்னியர் மடப் பள்ளிகளின் வரலாற்றில் அயர்லாந்து நாட்டுக்குத் தனி இடம் உண்டு. கார்க் நகரத்தில் நானோ நேகில் அம்மையார் 1775-இல் தொடங்கிய சபையிலிருந்து வந்த பிரசன்டேஷன் கன்னியர், 1842-ஆம் ஆண்டிலேயே சென்னையில் காலடி வைத்துப் பெண் கல்விக்கு விதை போட்டார்கள். அந்த அயர்லாந்தின் பழைய மொழி ஐரிஷ். ஸ்காட்லாந்தின் மலைநாட்டிலும் தீவுகளிலும் பேசப்படும் கேலிக் அதன் உடன்பிறப்பு மொழி. தமிழுக்கும் இவற்றுக்கும் குடும்ப உறவு எதுவும் இல்லை. ஆயினும், பிடித்தம் பிடிக்காமையைச் சொல்வதில் இவை தமிழோடு கைகோத்து நிற்பது வியப்புக்குரியது.

ஐரிஷ் மொழியில் "எனக்குப் பிடிக்கும்" என்பதற்கு, "இஸ் மா லம்" என்பார்கள். சொல்லுக்குச் சொல் பொருள் பார்த்தால், "என்னோடு நல்லது" என்று வரும். "பிடிக்காது" என்பதற்கு "நீ மா லம்", அதாவது "என்னோடு நல்லதன்று". அங்கும் 'நான்' எழுவாயாக நிற்பதில்லை. பொருள் நன்றாக இருக்கிறது, என் பக்கத்தில் இருக்கிறது என்றுதான் சொல்கிறார்கள்.

இதைவிட அழகான நுட்பம் ஒன்றும் உண்டு. 'என்னோடு' என்ற இடத்தில் 'எனக்கு' என்பதை வைத்து, "இஸ் மா தம்" என்றால் பொருள் மாறிவிடும். அப்போது அது "எனக்கு நன்மை தருவது" என்றாகும். நிலவேம்புக் கஷாயத்தை எண்ணிக்கொள்ளுங்கள். அது நமக்கு நல்லது. ஆனால் நம்மோடு நல்லதாக இல்லை! பிடித்தது ஒன்று, நன்மையானது ஒன்று. இரண்டையும் குழப்பாதே என்று ஒரு சிறு இடைச்சொல்லைக் கொண்டே அந்த மொழி பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுத்துவிடுகிறது.

இன்னோர் ஒற்றுமையும் கவனிக்கத்தக்கது. ஐரிஷ் மொழியில் 'ஆம்', 'இல்லை' என்பவற்றுக்குத் தனிச் சொற்கள் கிடையா. கேள்வியில் வந்த வினையையே திருப்பிச் சொல்லித்தான் விடை தர வேண்டும். தமிழில் அத்தகைய சொற்கள் இருந்தாலும், "பிடிக்குமா?" என்றால் "பிடிக்கும்" அல்லது "பிடிக்காது" என்பதும், "வருகிறாயா?" என்றால் "வருகிறேன்" என்பதுமே நமக்கும் இயல்பு. தலையை ஆட்டுவது விடையாகாது. சொல்லைச் சொன்னால்தான் விடை. இரு மொழிகளும் சேர்ந்து நமக்குத் தரும் பாடம் இது.

நாம் போடும் திரைகள்

மொழி இவ்வளவு வழி வைத்திருந்தும் நாம் ஏன் சொல்வதில்லை? காரணங்கள் எல்லாம் தீயவை அல்ல. நம்முடையது கரிசல் மண். வானம் பார்த்த பூமி. மழை பொய்த்த ஆண்டுகளில் கம்பங்கஞ்சியைப் பகிர்ந்து குடித்து வளர்ந்த தலைமுறைகள் நமக்கு முன் உண்டு. இருப்பதை இல்லாதவரோடு பகிரும் வீட்டில், "எனக்கு இது பிடிக்காது" என்று முகம் சுளிப்பது பெரும் பிழையாகத்தான் தோன்றியிருக்கும். தன் தட்டில் இருப்பதைக் குறை கூறாமல் உண்ணக் கற்பித்த பாட்டிமார்களை நாம் குறை சொல்லவில்லை. அந்த நல்ல பழக்கம் வேண்டாத இடங்களுக்கும் பரவிவிட்டதே என்பதுதான் நம் வருத்தம்.

நம் விருதுநகரில் 1903-ஆம் ஆண்டு ஜூலை 15-ஆம் நாள் பிறந்த பெருந்தலைவர் காமராசர், தம்மிடம் வருபவர்களிடம் "ஆகட்டும் பார்க்கலாம்" என்று சொல்வதற்குப் பேர்போனவர். அந்தச் சொல்லை இன்றும் நாம் எல்லாரும் சொல்கிறோம். ஆனால் அவர் வாயில் அது வேலையைத் தொடங்கும் சொல். கொடுக்க முடியாததைக் கொடுப்பேன் என்று ஆசை காட்டாமல், முடிந்ததைச் செய்து காட்டிய தலைவர் அவர். நம் வாயிலோ அது பெரும்பாலும் 'முடியாது' என்பதை மறைக்கும் திரை. "நாளைக்கு எங்க வீட்டுக்கு வர்றியா?" என்று கேட்ட தோழிக்கு, போக விருப்பமில்லாமலே "பார்க்கலாம்" என்கிறோம். அவள் வாசலில் காத்திருக்கிறாள். நாம் மனம் நோகாமல் பேசிவிட்டதாக நினைக்கிறோம். நொந்தது அவள் மனம்.

எல்லாத் திரைகளிலும் கனமானது மௌனம். "மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி" என்றொரு வழக்கு நம்மிடையே உண்டு. யார் முதலில் சொன்னார்களோ, பேசத் தெரிந்தவர்களுக்கு அது வசதியாகப் போயிற்று. அச்சத்திலும் மௌனம் உண்டு. துயரத்திலும் உண்டு. கேள்வி புரியாமையிலும் உண்டு. இவை எல்லாவற்றையும் சம்மதம் என்று கணக்கெழுதினால், அந்தக் கணக்கு பொய்க்கணக்கு.

மௌனத்தின் விலை

சிவகாசிக்குத் தீப்பெட்டித் தொழிலைக் கொண்டுவர அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1922-இல் கல்கத்தா சென்று தொழில் கற்றுத் திரும்பிய வரலாறு நாம் அறிந்ததே. வறண்ட பூமியில் அத்தொழில் பல்லாயிரம் அடுப்புகளை எரிய வைத்தது. அதை நன்றியோடு நினைக்கிறோம். ஆனால் அதே வரலாற்றில் இன்னொரு பக்கமும் உண்டு. 1970-களிலும் 80-களிலும் விடியுமுன்பே கிராமங்களுக்கு வண்டி வரும். தூக்கம் கலையாத சிறுமிகள் தூக்குச்சட்டியோடு ஏறித் தீப்பெட்டி ஆபீசுக்குப் போவார்கள். இருட்டிய பிறகு திரும்புவார்கள். அந்தச் சிறுமிகளிடம், "உனக்கு இது பிடித்திருக்கிறதா?" என்று கேட்டவர் எவரும் உண்டோ? கேட்டிருந்தாலும் சொல்ல அவர்களுக்குச் சொல் இருந்திருக்குமோ?

அவர்கள் சொல்ல முடியாமற்போன 'வேண்டாம்' என்ற சொல்லை நாடு மெல்ல மெல்லச் சொல்லிற்று. 1986-இல் குழந்தைத் தொழிலாளர் தடை மற்றும் ஒழுங்குமுறைச் சட்டம் வந்தது. சிவகாசிக் குழந்தைகள் பற்றிய வழக்கிலேயே 1996 டிசம்பர் 10-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்து, விதியை மீறி வேலை வாங்கிய முதலாளி ஒவ்வொரு குழந்தைக்கும் 20,000 ரூபாய் செலுத்த வேண்டும் என்றது. 2009-இல் கல்வி உரிமைச் சட்டம் பிறந்தது. இன்று நாம் மேசையில் புத்தகத்தை விரித்து அமர்ந்திருக்கிறோமே, அதற்குப் பின்னால் இத்தனை 'வேண்டாம்'கள் நிற்கின்றன.

இன்றைய நிலைக்கு வருவோம். நம்மில் பலருடைய அம்மாவோ அக்காவோ பயர் ஆபீசில் வேலை பார்க்கிறார்கள். ஓர் அறையில் எத்தனை பேர் இருக்கலாம், எவ்வளவு மருந்து வைக்கலாம் என்பதற்கெல்லாம் விதி உண்டு. ஆனால் ஒரு வெடி விபத்து நடந்து முடிந்து விசாரணை நடக்கும்போது, அறையில் அளவுக்கு மிஞ்சிய ஆள், அளவுக்கு மிஞ்சிய மருந்து என்ற செய்தியே திரும்பத் திரும்ப வெளிவருகிறது. 2012 செப்டம்பர் 5-ஆம் நாள் முதலிப்பட்டியில் நடந்த விபத்தில் முப்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டதை இந்த வட்டாரம் மறக்கவில்லை. தீபாவளி நெருங்கும் நாளில், "இன்னும் ரெண்டு பேரு இங்கேயே உட்காருங்க" என்று சொல்லப்படும்போது, "வேண்டாம் அண்ணாச்சி, அறையில ஆளு கூடிப்போச்சு" என்று ஒரு குரல் எழுந்தால் அது எதிர்ப்பு அன்று. எல்லாரையும் காக்கும் சொல். ஆபத்தான தொழில்களில் வரவிருக்கும் ஆபத்தைச் சுட்டி எச்சரிப்பது தொழிலாளரின் உரிமை என்று 1987-இலேயே தொழிற்சாலைச் சட்டத்தில் ஒரு பிரிவு சேர்க்கப்பட்டது. உரிமை ஏட்டில் இருந்தால் போதுமா? நாவில் வர வேண்டாமா? சாப்பாட்டுத் தட்டின் முன்பும் பேசாத பிள்ளைக்கு, போர்மேன் முன்னால் திடீரென்று குரல் எங்கிருந்து வரும்?

திருமணமும் அப்படியே. பெண் பார்க்க வந்தவர்கள் போன பிறகு, "மாப்பிள்ளை வீட்டாருக்குப் பெண்ணைப் பிடித்திருக்கிறதாம்" என்ற செய்தி வந்ததும் வீடு மகிழ்ச்சியில் நிறைகிறது. "பெண்ணுக்குப் பிடித்திருக்கிறதா?" என்ற கேள்வியோ, மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்த பிறகு, அதுவும் மதினி வழியாக, சமையலறையில் வந்து சேர்கிறது. அதற்குள் 'இல்லை' என்று சொல்லும் வாசல் அடைபட்டுவிடுகிறது.

ஆனால் நம் திருச்சபை என்ன சொல்கிறது? மணமக்கள் இருவரும் சுதந்திரமாகத் தரும் சம்மதமே திருமணத்தை உண்டாக்குகிறது. அந்தச் சம்மதத்தை அவர்களுக்குப் பதிலாக வேறு எந்த மனித அதிகாரமும் தர இயலாது. இது 1983-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத் தொகுப்பின் 1057-ஆம் சட்டம். வற்புறுத்தலாலோ பேரச்சத்தாலோ செய்யப்படும் திருமணம் செல்லாது என்கிறது 1103-ஆம் சட்டம். கோயிலில் ஓலை வாசிப்பதும், பீடத்தின் முன் குருவானவர் இருவரையும் கேட்டுச் சொல்லச் செய்வதும் வெறும் சடங்குகள் அல்ல. அங்கே மௌனம் சம்மதம் அன்று, சொல்லே சம்மதம். 18 வயது நிறையாத பெண்ணுக்கோ, 2006-ஆம் ஆண்டின் குழந்தைத் திருமணத் தடைச் சட்டமே தடுப்புச் சுவர். வீட்டாருக்குப் பிடித்திருக்கிறது என்பதால் அச்சுவர் விலகாது.

கடைசியாக ஒன்று, சொல்லக் கூசினாலும் சொல்லியாக வேண்டியது. பேருந்திலோ, உறவினர் வீட்டிலோ, எங்கேயாயினும், ஒருவர் தொடுவதோ பேசுவதோ நமக்குப் பிடிக்காமற்போனால், அந்தப் 'பிடிக்கவில்லை' என்ற உணர்வே இறைவன் நமக்குள் வைத்த எச்சரிக்கை மணி. "பெரியவர், என்ன நினைப்பாரோ" என்று அதை அமுக்கக் கூடாது. "வேண்டாம், தொடாதீங்க" என்று உரத்துச் சொல்லிவிட்டு, நம்பிக்கைக்குரிய ஒருவரிடம் உடனே தெரிவிக்க வேண்டும். 1098 என்ற தொலைபேசி எண் குழந்தைகளுக்காகவே இருக்கிறது. பயந்துபோய் வாய் திறக்க முடியாத பிள்ளைமீது எந்தப் பழியும் இல்லை, பழியெல்லாம் தொட்டவர்மீதுதான். 2012-ஆம் ஆண்டின் போக்சோ சட்டம் குழந்தையின் பக்கம் நிற்கிறது. குழந்தை பேசாதிருந்ததை அது சம்மதமாகக் கொள்வதில்லை.

பிடிவாதம் ஆகிவிடாதா?

"இப்படியெல்லாம் சொல்லிக்கொடுத்தால் பிள்ளைகள் பிடிவாதக்காரர்கள் ஆகிவிட மாட்டார்களா?" என்று பெற்றோர் கேட்கலாம். நியாயமான கேள்வி. பிடிக்கவில்லை என்று சொல்வது வேறு. பிடிக்காததைச் செய்யவே மாட்டேன் என்பது வேறு. முன்னது உண்மை, பின்னது, சில வேளைகளில் சரி, பல வேளைகளில் தவறு. கணக்குப் பிடிக்கவில்லை என்று சொல்லலாம்; அதற்காக வீட்டுப்பாடம் செய்யாதிருக்கலாமா? "எனக்குப் பிடிக்கவில்லை" என்பதில் எழுவாய் வேறு ஏதோ ஒன்று. "ஆயினும் நான் செய்வேன்" என்பதில் எழுவாய் நாம். நம் பொறுப்பு தொடங்கும் இடம் அதுவே. ஐரிஷ் மொழி பிரித்துக் காட்டிய 'பிடித்தது', 'நன்மையானது' என்ற இரண்டையும் எடைபோட்டு முடிவெடுப்பதே வளர்ந்த மனத்துக்கு அடையாளம். எடைபோட வேண்டுமானால் இரண்டும் தராசில் இருக்க வேண்டுமல்லவா? பிடிக்காததை மறைத்துவிட்டால் ஒரு தட்டு வெறுமையாகிவிடும்.

கெத்சமனித் தோட்டத்தில் நம் ஆண்டவர் என்ன செய்தார்? துன்பக் கிண்ணம் தம்மைவிட்டு அகல வேண்டும் என்ற தம் மனத்தைத் தந்தையிடம் ஒளிக்காமல் சொன்னார். சொன்ன பிறகே தந்தையின் விருப்பத்துக்குத் தம்மைக் கையளித்தார். அவருடைய கீழ்ப்படிதல் மனத்தை மூடிய கீழ்ப்படிதல் அன்று. மனத்தைத் திறந்த கீழ்ப்படிதல். நாசரேத்தூர்க் கன்னிமரியும் வானதூதரின் செய்தியைக் கேட்டதும் உடனே தலையாட்டிவிடவில்லை. இது எப்படி நிகழும் என்று கேட்டார், விளக்கம் பெற்றார், பிறகு தம் சம்மதத்தைத் தம் சொல்லாலேயே தந்தார். அந்த ஒரு விடைக்காக வானமும் வையமும் காத்து நின்றதாகப் புனித பெர்நார்து 12-ஆம் நூற்றாண்டில் தம் மறையுரையில் உருகியிருக்கிறார். படைத்தவரே ஒரு பெண்ணின் விடைக்காகக் காத்திருந்தார் என்றால், படைக்கப்பட்ட நாம் காத்திருக்கக் கூடாதா?

மகள் சொல்ல, தந்தை கேட்ட வரலாறுகளும் உண்டு. இத்தாலியில் 14-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த சியன்னா நகரப் புனித கத்தரீன், வீட்டார் திருமணத்துக்கு நெருக்கியபோது தம் கூந்தலையே வெட்டிக்கொண்டு மறுத்தார். வீட்டார் சினந்தனர், முடிவில் அவருடைய தந்தையே, இனி யாரும் அவளைத் தடுக்கக் கூடாது என்றார். 1970-இல் திருச்சபை அவரை மறைவல்லுநர் என்று உயர்த்திற்று. நம் மாவட்டத்து ஸ்ரீவில்லிபுத்தூரிலோ, மனிதருக்கு மாலையிட்டு வாழேன் என்று ஆண்டாள் பாட்டிலேயே தம் மனத்தை உரைத்தார். வளர்த்த தந்தையாகிய பெரியாழ்வார் மகளின் விருப்பத்துக்கு இசைந்தார் என்பது மரபு. சமயம் வேறானாலும், தன் மனத்தைத் தானே சொன்ன பெண்ணையும், அதைக் கேட்ட தந்தையையும் உலகம் மறப்பதில்லை.

சொல்லும் முறை

உண்மை என்பதற்காகக் கல்லைப்போல் எறிய வேண்டியதில்லை. 'வாய்மை' என்று ஓர் அதிகாரம் வைத்த வள்ளுவர், 'இனியவை கூறல்' என்றும் ஓர் அதிகாரம் வைத்தார். இரண்டையும் சேர்த்துக் கற்க வேண்டும். "இந்தக் கலரா? உவ்வே!" என்பதும் ஒரு விடை, "துணி நல்லா இருக்குப்பா, ஆனா எனக்கு இந்தக் கலர் பிடிக்கலை, நீலம் இருந்தா மாத்தித் தர்றீங்களா?" என்பதும் ஒரு விடை. இரண்டும் உண்மைதான். ஆனால் இரண்டாவதில் கொடுத்தவரின் அன்புக்கு நன்றி இருக்கிறது, மாற்றுவழி இருக்கிறது. "போதும் அத்தை, வயிறு நிறைஞ்சிருச்சு" என்று இலையின்மேல் கையை வைத்தால் எந்த அத்தை வருந்துவார்?

பொருளைப் பற்றிப் பிடிக்கவில்லை என்பது வேறு, ஆளைப் பற்றிப் பிடிக்கவில்லை என்பது வேறு. "நீ நேற்றுச் செய்தது எனக்குப் பிடிக்கவில்லை" என்று தோழியிடம் நேரே சொல்வது நட்பை வளர்க்கும். "எனக்கு உன்னையே பிடிக்காது" என்பதும், "அவளுக்கும் எனக்கும் ஆகாது" என்று மூன்றாம் ஆளிடம் சொல்வதும் நட்பைக் கொல்லும். இன்னும் சில வெறுப்புகள் உண்டு: ஒருத்தியின் நிறத்தின்மேல், அவள் வீட்டுச் சாப்பாட்டின் மணத்தின்மேல், அவள் தெருவின்மேல் வருபவை. இவை பசியைப்போலத் தாமாக வந்தவை அல்ல. யாரோ நமக்குள் திணித்தவை. இவற்றைச் சொல்லிப் பழகக் கூடாது. வேரோடு பிடுங்க வேண்டும். விருப்பு வெறுப்பு அற்றவன் இறைவன் என்று திருக்குறளின் முதல் அதிகாரம் சொல்கிறது. நாம் இறைவன் அல்லர். விருப்பு வெறுப்பு உள்ளவர்கள். ஆகையால் நம்முடையவற்றில் எது நியாயம், எது அநியாயம் என்று ஆராய்வது நம் கடமை. சொல்லாமல் புதைத்தவற்றை எப்படி ஆராய முடியும்?

கேட்பவர் கடமை

பெற்றோருக்கும் எங்கள் அன்புக்குரிய கன்னியர்க்கும் மாணவியராகிய எங்கள் சிறு விண்ணப்பம் ஒன்று உண்டு. எங்களைக் கேளுங்கள். கேட்டுவிட்டு விடைக்காகக் காத்திருங்கள். "பிடிச்சிருக்கு இல்லையா?" என்று விடையையும் சேர்த்துக் கேட்காதீர்கள், "பிடிச்சிருக்கா, இல்லையா?" என்று இரண்டு வாசலையும் திறந்து கேளுங்கள். துணி எடுக்குமுன் கேளுங்கள். பதினொன்றாம் வகுப்பில் எந்தப் பாடப்பிரிவு என்று முடிவு செய்யுமுன் கேளுங்கள். மண்டபம் பிடிக்குமுன் கேளுங்கள். நாங்கள் சொன்னதெல்லாம் நடக்க வேண்டும் என்று கேட்கவில்லை. எங்களுக்குப் பிடித்தது எங்களுக்கு நல்லதல்ல என்று தோன்றினால் காரணத்தோடு மறுத்துச் சொல்லுங்கள், கேட்டுக்கொள்ளப் பழகுகிறோம். சொன்னதற்காக மட்டும் சினந்துகொள்ளாதீர்கள். ஒருமுறை சொல்லி ஏச்சு வாங்கிய பிள்ளை, அடுத்த முறை, சொல்லியே ஆக வேண்டிய வேளையிலும் சொல்லாது.

அன்புத் தோழியரே! வெட்கம் வேறு, அச்சம் வேறு. பெரிய காரியங்களில் பேசும் துணிவு சிறிய காரியங்களில் பேசிப் பேசித்தான் வரும். இன்று மாலை வீட்டில், "சட்னி பிடிச்சிருக்கா?" என்று அம்மா கேட்டால் 'பரவாயில்லை' என்று சொல்லி நழுவ வேண்டாம். பிடித்திருந்தால் "ரொம்பப் பிடிச்சிருக்கும்மா" என்று நிமிர்ந்து சொல்லுங்கள். அடுப்படியில் நின்ற அந்தக் கைகளுக்கு அதைவிடப் பெரிய பரிசு வேறில்லை. பிடிக்காவிட்டால், "உப்புக் கொஞ்சம் கூடிருச்சும்மா" என்று சிரித்த முகத்தோடு சொல்லுங்கள். நம் 'ஆம்' ஆம் என்றும், நம் 'இல்லை' இல்லை என்றும் இருக்க வேண்டும் என்பதே ஆண்டவரின் போதனை. 'இல்லை' என்று சொல்லத் தெரிந்தவளின் 'ஆம்' என்ற சொல்லுக்குத்தான் மதிப்பு உண்டு.